சாம்பலும் செம்பழுப்பும்: வாசகர் கேள்வி பதில்

இந்த முறை வந்த கேள்விகளில் முக்கால்வாசி கனடாவின் கிழக்குப் பக்கத்திலிருந்து வந்தவை. எப்படிச் சுற்றினாலும் எல்லாம் ஒரே பூச்சியிடம்தான் வந்து நிற்கின்றன. ஸ்ப்ரூஸ், ஃபிர் என்ற ஊசியிலை மரங்களின் தளிரைத் தின்னும் புழு, வளர்ந்தால் அந்துப்பூச்சி. ஆங்கிலத்தில் ஸ்ப்ரூஸ் பட்வார்ம் என்பார்கள், நாம் மொட்டுப்புழு என்றே வைத்துக்கொள்வோம். மற்ற கேள்விகள் அடுத்த மாதத்துக்கு.

கேள்வி: நியூ பிரன்ஸ்விக்கின் வடக்கே இருக்கிறோம். ஜூலையில் ராத்திரி வாசல் விளக்கைப் போட்டால் சின்னச் சின்ன அந்துப்பூச்சிகள் சுவரெல்லாம் அப்பிக்கொள்கின்றன. சில சாம்பல் நிறம், சில துரு நிறம், சிலவற்றில் வெள்ளைத் திட்டு. மூன்று இனமா, நாலா? படம் அனுப்பியிருக்கிறேன்.

ஒன்றுதான், எல்லாமே மொட்டுப்புழுவின் அந்துப்பூச்சி. உங்கள் படத்தை மூன்று தடவை பெரிதாக்கிப் பார்த்துவிட்டுத்தான் சொல்கிறேன். உட்கார்ந்திருக்கும் விதத்தைப் பாருங்கள், மேலிருந்து பார்த்தால் மணியைக் கவிழ்த்து வைத்த மாதிரி, தோள் அகன்று, இறக்கைகள் முதுகின் மேல் கூரை போலப் படிந்து, முகத்துக்கு முன்னால் சின்ன மூக்கு மாதிரி ஒன்று நீட்டிக்கொண்டு. இறக்கையை விரித்தால் 2 முதல் 3 செ.மீ. இருக்கும், அவ்வளவுதான். நிறம் மட்டும் ஆளுக்கு ஆள் மாறும். பெரும்பாலானவை சாம்பல் கலந்த பழுப்பு, அதன் மேல் வெள்ளிப் பூச்சு மாதிரித் திட்டுகள், நடுநடுவே நல்ல செம்பழுப்பாகச் சில. இரண்டும் ஒரே மரத்தில், ஏன், ஒரே தாயின் முட்டையிலிருந்துகூட வரலாம். போதாததற்கு இறக்கைச் செதில்கள் உதிர உதிர, நாலு நாள் பறந்த பூச்சி புதிதாக வந்ததைப் போலவே இருக்காது. கையேடுகளில் ஒரு பக்கத்துக்கு ஒரே ஒரு அழகான படத்தைப் போட்டுவிட்டு ‘இதுதான்’ என்று சொல்வது எனக்கு எப்போதும் எரிச்சல். அந்தப் படத்தில் இருக்கும் பூச்சியை நான் விளக்கடியில் பார்த்ததே இல்லை.

இறக்கையை விட்டுவிட்டு இரண்டு விஷயம் கேளுங்கள்: எந்த மாதம், பக்கத்தில் என்ன மரம். ஜூலை, பால்சம் ஃபிர், நியூ பிரன்ஸ்விக் என்றால் பாதி வேலை முடிந்தது.

கேள்வி: எங்கள் பின்கட்டில் 20 அடி உயர ஃபிர் மரம். ஜூன் கடைசியில் உச்சி முழுக்க நெருப்புப் பட்டது போல் சிவந்துவிட்டது. வெட்டிவிடலாமா என்கிறார் கணவர். மரம் செத்துவிட்டதா?

கோடாரியை உள்ளே வைக்கச் சொல்லுங்கள். சாகவில்லை.

அந்தச் சிவப்பு எப்படி வருகிறது என்று பார்த்தால் பயம் பாதி போய்விடும். கைக்கெட்டும் ஒரு கிளையின் நுனியை வளைத்துப் பாருங்கள். இந்த வருடம் விட்ட தளிர் மட்டும் பட்டு நூலால் கட்டிய சின்ன மூட்டை மாதிரி இருக்கும். மெல்லப் பிரித்தால் உள்ளே பழுப்பு மொட்டுச் செதில்கள், கடித்து விட்ட ஊசியிலைகள், கடுகை விடச் சின்னதாகப் புழுக்கை, அதற்குள் ஒரு புழு. முழு வளர்ச்சியில் 2.5 செ.மீ. நீளம் வரும், கரும்பழுப்பு உடம்பு, இரண்டு பக்கமும் வெளிறிய புள்ளிகள், தலை கறுப்பு. தொட்டால் பின்பக்கமாகத் துள்ளி, நூலில் தொங்கிக் கீழே இறங்கிவிடும். இந்தப் புழு சாப்பிடத் தெரியாத ஊதாரி, ஊசியிலையை அடியில் கடித்துத் துண்டாக்கும், முழுசாகத் தின்னாது, மிச்சத்தை நூலிலேயே விட்டுவிடும். அந்த மிச்சம் வெயிலில் காய்வதுதான் நீங்கள் பார்க்கும் சிவப்பு. காற்றும் மழையும் அடித்தால் ஆகஸ்டுக்குள் அது உதிர்ந்து, மரம் சிவப்பிலிருந்து சாம்பலாகத் தெரியும்.

ஃபிர் மரத்துக்கு ஒரு சேமிப்பு உண்டு. ஒரே வருட இலையை நம்பி அது இல்லை, பல வருட ஊசியிலைகளைக் கிளையிலேயே வைத்திருக்கும். புழுவுக்குப் பிடித்தது புதுத் தளிர், அது தீர்ந்துபோனால்தான் பழைய இலைக்கு வரும். அதனால் ஒரு வருடம் புதுத் தளிர் போனது மரத்துக்கு ஒரு மாதச் சம்பளம் போன மாதிரி, கஷ்டம்தான், ஆனால் குடும்பம் நடக்கும். தொடர்ந்து 4, 5 வருடம் கடுமையாகத் தின்றால்தான் பால்சம் ஃபிர் சாக ஆரம்பிக்கும். முதலில் உச்சி காயும், அப்புறம்தான் மற்றது.

இந்த வருடம் செய்ய ஒன்றுமில்லை. ஜூன் கடைசியில் மருந்து அடிப்பது கல்யாணம் முடிந்த பிறகு பந்தல் போடுவது, புழு கூட்டுப்புழுவாகியிருக்கும் அல்லது ஆகப்போகும். வறண்ட கோடையாக இருந்தால் வேருக்குத் தண்ணீர் விடுங்கள். அடுத்த வருடம் மே கடைசியில், மொட்டின் தொப்பி கழன்று தளிர் விரியத் தொடங்கும்போது நுனிகளைப் பாருங்கள். புழு சின்னதாக, வெளியே தெரிகிற மாதிரி இருக்கும் அந்த இரண்டு வாரம்தான் உங்கள் கையில் இருக்கும் நேரம். சின்ன மரம் என்றால் கையால் பிடித்துச் சோப்புத் தண்ணீரில் போடலாம், ஹோஸ் பைப்பால் வேகமாக அடித்தும் கீழே தள்ளலாம். பெரிய மரம் என்றால் பிடிகே என்ற பாக்டீரியா மருந்து, அதைப் பற்றிக் கீழே இன்னொருவர் கேட்டிருக்கிறார்.

கேள்வி: ஸ்ப்ரூஸ் பட்வார்ம் என்று பெயர். ஆனால் தின்பது ஃபிர். யார் வைத்த பெயர் இது?

நியாயமான கோபம். பால்சம் ஃபிர்தான் இதற்கு முதல் பந்தி, அடுத்தது வெள்ளை ஸ்ப்ரூஸ், அப்புறம் சிவப்பு ஸ்ப்ரூஸ், கடைசியில் கறுப்பு ஸ்ப்ரூஸ். கறுப்பு ஸ்ப்ரூஸ் தப்பிப்பது ருசியால் அல்ல, நேரத்தால்: அதன் மொட்டு ஃபிர் மொட்டை விடச் சுமார் இரண்டு வாரம் தாமதமாக விரிகிறது, பசியோடு வெளியே வரும் புழுவுக்கு அந்தக் கதவு இன்னும் திறக்கவில்லை. வசந்தம் சீக்கிரமாகவும் வெப்பமாகவும் வந்தால் இந்த இடைவெளி சுருங்கும், வடக்கே இருக்கும் கறுப்பு ஸ்ப்ரூஸ் காடுகளைப் பற்றி ஆராய்ச்சியாளர்கள் கவலைப்படுவது இதனால்தான்.

விஞ்ஞானப் பெயர் கோரிஸ்டோனியூரா ஃபூமிஃபெரானா. பெயரிட்டவர் கிளெமென்ஸ், வருடம் 1865. லத்தீனில் ‘ஃபூமுஸ்’ என்றால் புகை. அந்தப் புகை நிறத்தை ஒரு தடவை பார்த்தவர்களுக்குப் பெயர் மறக்காது.

கேள்வி: மைனஸ் 30, மைனஸ் 35 வரை போகும் ஊரில் இந்தச் சின்னப் புழு எப்படிப் பிழைக்கிறது? குளிரில் எல்லாம் செத்துவிடும் என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

எனக்கு இந்தப் பூச்சியிடம் மிகவும் பிடித்த பகுதியே இதுதான், கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஜூலையில் தாய் ஊசியிலையின் அடிப்பக்கம் வெளிர் பச்சை முட்டைகளை ஓடு வேய்ந்த மாதிரி ஒன்றன் மேல் ஒன்று படியும்படி அடுக்கி வைக்கும், ஓர் அடுக்கில் சராசரியாக 20. பத்து நாள் வாக்கில் புழு பொரியும். பொரிந்த புழு என்ன செய்யும்? சுற்றிலும் பச்சை, ஆகஸ்ட் மாத வெயில், வாய் இருக்கிறது. ஆனால் ஒரு வாய்கூடத் தின்னாது. நேராகப் பட்டையின் செதிலுக்கு அடியிலோ பாசி இடுக்கிலோ காய்ந்த பூவின் கிண்ணத்திலோ புகுந்து, பட்டு நூலால் ஒரு குண்டூசித் தலை அளவுக்குச் சின்னக் கூடு கட்டும். உள்ளேயே ஒருமுறை தோலுரித்து இரண்டாம் பருவத்துக்குப் போகும், அப்புறம் தூக்கம். அது தன் வாழ்க்கையின் முதல் கவளத்தைச் சாப்பிடுவது அடுத்த ஏப்ரல் கடைசியிலோ மே மாதத்திலோதான். முட்டைக்குள்ளிருந்து கொண்டுவந்த சேமிப்பில் எட்டு, ஒன்பது மாதம்!

குளிருக்கு அதன் உடம்பில் கிளிசரால் சேர்கிறது. நாம் காரின் ரேடியேட்டரில் உறைதடுப்பானை ஊற்றுகிற அதே தத்துவம், உடம்பின் நீர் உறையும் புள்ளி கீழே போய்விடுகிறது. மைனஸ் 30-இல் நாம் வாசல் கதவைத் திறக்க யோசிக்கும்போது அது பட்டைக்கு அடியில் சும்மா கிடக்கிறது. சொல்லப்போனால் கடுங்குளிரை விட அதற்கு ஆபத்து வசந்தம்தான். கூட்டை விட்டு வெளியே வந்த பிறகு மொட்டு இன்னும் இறுக மூடியிருந்தால் பழைய ஊசியிலைக்குள் குடைந்து நுழையும், இல்லையென்றால் ஆண் பூக்களின் மகரந்தத்தைத் தின்று சமாளிக்கும். இரண்டும் கிடைக்காத புழு நூல் விட்டுக் காற்றில் மிதந்து வேறு மரம் தேடும், அதில் ஏகப்பட்டது தரையில் விழுந்து சாகும்.

கேள்வி: க்யூபெக்கிலிருந்து மேகம் மாதிரி வந்தது, ரேடாரில் தெரிந்தது என்று பக்கத்து வீட்டுப் பெரியவர் சொல்கிறார். கதைதானே?

பெரியவர் சொன்னது உண்மை. 2013 ஜூலையில் நியூ பிரன்ஸ்விக்கின் கேம்ப்பெல்டன் பக்கம் நடந்தது. வானிலை ரேடாரில் மழை மாதிரி ஒன்று நகர்ந்து வந்தது, மழை பெய்யவில்லை, விடிந்து பார்த்தால் கடைவாசல்களிலும் விளக்குக் கம்பங்களின் அடியிலும் அந்துப்பூச்சிகள் குவியலாகக் கிடந்தன.

இது திட்டம் போட்டுப் போகும் பயணம் இல்லை. பொழுது சாயும் நேரத்தில் பூச்சிகள் மரஉச்சிக்கு மேலே எழும்பும், அங்கே அடிக்கும் காற்று எந்தப் பக்கமோ அந்தப் பக்கம், சில நூறு மீட்டர் உயரத்தில், ஒரே ராத்திரியில் நூறு கிலோமீட்டருக்கு மேல்கூடப் போய்விடும். தாய்ப்பூச்சியின் சாமர்த்தியத்தைக் கவனியுங்கள். சுமார் 200 முட்டை வரை சுமக்கும், அத்தனையும் வயிற்றில் இருந்தால் கனம், எழும்ப முடியாது. முதலில் பிறந்த இடத்திலேயே ஒரு பங்கை இட்டுவிட்டு, உடம்பு லேசானதும் மிச்சத்தோடு கிளம்பும். ஒரே கூடையில் எல்லா முட்டையும் வேண்டாம் என்று நமக்குப் புத்தி சொல்வார்களே, அதுக்கு யாரும் சொல்லித்தரவில்லை.

கேள்வி: என் மாமனார் மிராமிச்சி ஆற்றங்கரையில் வளர்ந்தவர். சின்ன வயதில் விமானம் வந்து மருந்து அடித்ததும் ஆற்றில் மீன் மிதந்ததும் நினைவிருக்கிறது என்கிறார். இப்போதும் விமானத்தில்தான் அடிக்கிறார்கள். அதே மருந்தா?

இல்லை, அதே மருந்து இல்லை. உங்கள் மாமனாரின் நினைவு சரி. நியூ பிரன்ஸ்விக்கில் 1952-இல் மொட்டுப்புழுவுக்காக டிடிடி என்ற பூச்சிக்கொல்லியைத் தெளிக்க ஆரம்பித்தார்கள். 1954-இல் மிராமிச்சி ஆற்றின் வடமேற்குக் கிளையைச் சுற்றித் தெளித்தபோது சால்மன் குஞ்சுகளும் அவை தின்னும் நீர்ப்பூச்சிகளும் கூட்டமாகச் செத்தன. அமெரிக்க எழுத்தாளர் ரேச்சல் கார்சன் பூச்சிக்கொல்லிகளின் தீங்கைப் பற்றி 1962-இல் வெளியிட்ட ‘சைலண்ட் ஸ்ப்ரிங்’ நூலில் ஆறுகளைப் பற்றிய அத்தியாயம் இந்த மிராமிச்சியில்தான் தொடங்குகிறது. உலகமே படித்த அந்தப் புத்தகத்துக்குள் உங்கள் மாமனாரின் ஆறு இருக்கிறது, அவரிடம் சொல்லுங்கள்.

இப்போது பெரும்பாலும் அடிப்பது பிடிகே, மண்ணில் இயல்பாகவே வாழும் ஒரு பாக்டீரியா. புழு அதை இலையோடு தின்றால்தான் வேலை செய்யும், புழுவின் குடலில் இருக்கும் காரத்தன்மையில் அதன் புரதப் படிகம் கரைந்து நஞ்சாகிக் குடல் சுவரை ஓட்டையாக்குகிறது. மீனுக்கும் பறவைக்கும் நமக்கும் குடல் அப்படி இல்லை. ஆனால் ‘மொட்டுப்புழுவை மட்டும் கொல்லும்’ என்று யாராவது சொன்னால் முழுசாக நம்பாதீர்கள், அந்த வாரத்தில் அதே மரத்தில் தின்றுகொண்டிருக்கும் வேறு வண்ணத்துப்பூச்சி, அந்துப்பூச்சிப் புழுக்களும் சாகும். டிடிடியோடு ஒப்பிட்டால் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம் என்பது என் கருத்து, அதற்காகத் தீங்கே இல்லை என்று சொல்ல மாட்டேன்.

2014 முதல் அட்லாண்டிக் மாகாணங்களில் முறையையும் மாற்றிப் பார்க்கிறார்கள். காடு முழுக்கச் சிவந்த பிறகு ஓடாமல், கிளைகளை வெட்டி எடுத்துத் தூங்கும் புழுக்களை எண்ணி, எண்ணிக்கை ஏறும் இடங்களில் மட்டும் முன்கூட்டியே அடிக்கிறார்கள்.

கேள்வி: இதை யார், எந்த நாட்டிலிருந்து கொண்டுவந்தார்கள்?

யாரும் கொண்டுவரவில்லை. இந்த மண்ணின் பூச்சி. க்யூபெக்கின் சதுப்புநிலக் கரியிலும் ஏரிச் சேற்றிலும் இதன் புழுக்கையும் இறக்கைச் செதில்களும் ஆயிரக்கணக்கான வருடங்களுக்கு முந்தைய அடுக்குகளிலேயே கிடைத்திருக்கின்றன. ஏறக்குறைய 30, 40 வருடத்துக்கு ஒருமுறை பெருகும். 20-ஆம் நூற்றாண்டில் 1910-களில் ஒன்று, 1940-களில் ஒன்று, 1970-களில் ஒன்று. அந்த மூன்றாவதுதான் மிகப் பெரியது, உச்சத்தில் 5 கோடி ஹெக்டேருக்கு மேல் பரவியது. இப்போதையது 2006 வாக்கில் க்யூபெக்கின் வட கரையில் தொடங்கியது.

அது பெருகும் வருடங்களில் பறவைகளுக்கு விருந்து. கேப் மே வார்ப்ளர், டென்னஸி வார்ப்ளர், பே-பிரெஸ்டட் வார்ப்ளர் மூன்றும் இந்தப் புழுவை நம்பியே குடும்பம் நடத்துபவை, புழு பெருகினால் அவையும் பெருகும். மரம் வெட்டுபவருக்கு நஷ்டக் கணக்கு, பறவை பார்ப்பவருக்குப் பொற்காலம்.

கேள்வி: துணி அலமாரிக்குள் போய் ஸ்வெட்டரைத் தின்னுமா?

தின்னாது. துணியைத் தின்பது வேறு குடும்பம், அதுவும் அதன் புழு. மொட்டுப்புழுவின் அந்துப்பூச்சி ஸ்வெட்டரையும் தின்னாது, வேறு எதையும் தின்னாது, இரண்டு வாரம் பறந்து முட்டையிட்டுச் சாகும்.

கேள்வி: நான் பிரிட்டிஷ் கொலம்பியாவில். டக்ளஸ் ஃபிர் மரத்தில் இதே மாதிரிப் புழு, இதே மாதிரி ஆரஞ்சும் பழுப்புமாக அந்துப்பூச்சி. எங்களுடையதும் அதேதானா?

அண்ணன் தம்பி. உங்களுடையது மேற்கத்திய மொட்டுப்புழு, ஃப்ரீமன் என்ற பூச்சியியலாளர் 1967-இல் தனி இனம் என்று பிரித்தார். பின்னால் அதன் விஞ்ஞானப் பெயரையே அவர் பெயரால் மாற்றினார்கள். உங்கள் மாகாணத்தின் உயர்ந்த மலைகளில் இன்னொரு இனம் இருக்கிறது, கோடை அங்கே அவ்வளவு குட்டை என்பதால் முட்டையிலிருந்து பூச்சியாவதற்கு இரண்டு வருடம் எடுத்துக்கொள்ளும். ஜாக் பைன் மரத்துக்கென்று ஒன்று தனியாக உண்டு, அது பைனின் ஆண் பூக்களைச் சார்ந்து வாழ்வது.

இவற்றை இறக்கை நிறத்தை வைத்துப் பிரிக்கப் போய் பெரிய பெரிய ஆட்களே தலையைப் பிய்த்துக்கொண்டிருக்கிறார்கள், ஏனென்றால் ஒவ்வொரு இனத்துக்குள்ளும் சாம்பலிலிருந்து செம்பழுப்பு வரை எல்லாம் உண்டு, ஓர் இனத்தின் ஓரமும் அடுத்த இனத்தின் ஓரமும் ஒன்றோடொன்று கலந்துவிடும். பூச்சிகளுக்குக் குழப்பமே கிடையாது. பெண் பூச்சி விடும் வாசனைதான் அவற்றின் அடையாள அட்டை. கிழக்கத்திய மொட்டுப்புழுவின் வாசனை ஆல்டிஹைடு வகை, ஜாக் பைன் இனத்தின் வாசனையில் முக்கியமானது அசிடேட். நம் கண்ணுக்கு ஒரே மாதிரி இருக்கும் இரண்டு பெண்களை ஆண் பூச்சி இருட்டிலேயே பிரித்துவிடும். பொறி வைப்பவர்களும் இந்த வாசனையைத்தான் ரப்பர் துண்டில் ஏற்றிப் பொறிக்குள் தொங்கவிடுகிறார்கள்.

கேள்வி: எங்கள் பத்து வயது மகள் ஒரு புழுவைப் பாட்டிலில் வளர்க்க வேண்டும் என்று அடம்பிடிக்கிறாள். வளரும் என்றால் எப்படி என்று சொல்லுங்கள்.

வளரும், தாராளமாக வளர்க்கச் சொல்லுங்கள். ஜூன் நடுவில், நூலால் கட்டிய ஒரு தளிரை விரல் நீளத்துக்கு வெட்டி அகலவாய் பாட்டிலில் போடுங்கள், வாயை மெல்லிய துணியால் கட்டுங்கள். மூடி போட்டால் உள்ளே வியர்த்துப் பூஞ்சணம் பிடித்துவிடும். இரண்டு நாளைக்கு ஒருமுறை அதே மரத்திலிருந்து புதுத் தளிர், பழையதை எடுக்கும்போது புழு அதற்குள் ஒளிந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டு எறியுங்கள், நான் ஒருமுறை பார்க்காமல் குப்பையில் போட்டுவிட்டேன். ஒரு நாள் தின்பதை நிறுத்தி நூலுக்குள்ளேயே சுருங்கிச் செம்பழுப்புக் கூட்டுப்புழுவாகும். அதன் பிறகு தொட வேண்டாம். சுமார் பத்து நாள்.

வருவது சாம்பலா செம்பழுப்பா என்று வீட்டில் பந்தயம் கட்டிக்கொள்ளுங்கள். மகளிடம் ஒன்றை மட்டும் முன்கூட்டியே சொல்லி வையுங்கள்: பத்தாம் நாள் காலையில் அந்துப்பூச்சிக்குப் பதிலாக மெல்லிய இடுப்போடு ஒரு குட்டிக் குளவி துணியில் உட்கார்ந்திருந்தாலும் இருக்கும், எப்போதோ ஒரு குளவி அதற்குள் முட்டை வைத்திருக்கும். அப்படி வந்தால் அழ வேண்டாம், படம் எடுத்து எனக்கு அனுப்பச் சொல்லுங்கள், அடுத்த மாதம் அதையே முதல் கேள்வியாக எடுத்துக்கொள்கிறேன்.